ஐந்தாம் நம்பர் மெஷினின் பழுப்பு நிறம்

கிராஃபிக்ஸ் கார்டுக்குப் புரோஃபைல் போடுகிற வேலையில் பாராட்டு என்று ஒன்று கிடையாது; சரியாகப் போட்டால் யாரும் கூப்பிட மாட்டார்கள், அவ்வளவுதான் பாராட்டு.

கேமிங் சென்டர், பிரவுசிங் சென்டர், சர்வீஸ் கவுண்டர் என்று எங்கேயாவது ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, யாராவது கை தூக்குவார்களா என்று பார்த்துக்கொண்டிருக்கும் என் இனத்தாருக்காக இதை எழுதுகிறேன். உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்கு நாலு வரி. ஆம்பூரில் பைபாஸுக்குப் பக்கத்தில், தோல் கெமிக்கல் குடோனுக்கு மேல்மாடியில் எங்கள் கேமிங் சென்டர். பன்னிரண்டு கம்ப்யூட்டர். ஒவ்வொன்றிலும், திரையில் தெரியும் படத்தை வரைந்து தருகிற ஒரு கார்டு. அந்தக் கார்டுக்கென்று ஒரு செட்டிங் ஜன்னல் உண்டு. எல்லா கேமுக்கும் பொதுவாக ஒரே அமைப்பை வைத்துவிடலாம். ஆனால் சுடுகிற கேமுக்கு வேகம் வேண்டும், லாரி ஓட்டுகிற கேமுக்கு அழகு வேண்டும், கிரிக்கெட்டில் பட்டனை அழுத்தியவுடன் மட்டை சுழல வேண்டும். அதனால் கேமுக்கொரு அமைப்பைத் தனியாகச் செய்து வைப்போம். அதுதான் புரோஃபைல். கேமைத் திறந்தால் அது தானாக வந்து உட்கார்ந்துகொள்ளும். மூடினால் எழுந்து போய்விடும்.

அந்தப் புரோஃபைல்களைப் பார்த்துக்கொள்கிறவன் நான். காலை பத்திலிருந்து சாயங்காலம் ஏழு வரை அந்த அறையில் பன்னிரண்டு பேர் ஹெட்செட் மாட்டியிருப்பார்கள். மாட்டாதவன் நான் ஒருவன்தான்.

வாட்ச்மேனுக்கு மாலை

வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம். எங்கள் வீட்டில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான். அதனால் எனக்கு எதையும் ஒரு தடவை செய்தால் போதாது. கதவைப் பூட்டிவிட்டு இழுத்துப் பார்க்கிற மாதிரி இன்னொரு தடவை பார்க்க வேண்டும். சுடுகிற கேம் ஒன்றுக்கு அப்படித்தான் பார்த்துப் பார்த்துப் புரோஃபைல் போட்டேன். ஒரு பாலிடெக்னிக் மாணவன் வந்து ஆடிவிட்டு, திக்கித் திக்கி ஓடுகிறது என்றான். மாற்றினேன். மறுநாளும் அதையே சொன்னான். மறுபடி மாற்றினேன். நான்கு நாள் இப்படியே போனது.

ஐந்தாம் நாள்தான் கண்டுபிடித்தேன். நான் புரோஃபைல் போட்டது கேமுக்கே இல்லை. கேமின் பெயரில் முதலில் ஒரு சின்ன ஜன்னல் திறக்கும். கேமை உள்ளிருந்து எழுப்பிவிட்டுத் தான் ஒதுங்கிக்கொள்வதுதான் அதன் வேலை. உண்மையான கேம் வேறொரு ஃபோல்டரில், வேறொரு பெயரில் இருந்தது. மாப்பிள்ளைக்கு வைத்த மாலையை மண்டப வாசலில் நின்ற வாட்ச்மேனுக்குப் போட்டிருக்கிறேன், அதுவும் நான்கு நாள் தொடர்ந்து. தவறு என்னுடையதுதான் என்று அந்த மாணவனிடம் சொன்னேன். அவன் கோபப்படவில்லை. ஹெட்செட்டைக் கழுத்துக்கு இறக்கிவிட்டு, உண்மையான அக்கறையோடு கேட்டான்: "அண்ணா, நீங்க பி.இ. முடிச்சிட்டீங்களா, இல்ல இன்னும் அரியர் இருக்கா?"

ஒரு டிக்

கார்டுக்குப் புதிய மென்பொருள் வரும்போது, பழையதைச் சுத்தமாகத் துடைத்துவிட்டுப் புதிதாகப் போடவா என்று ஒரு கட்டம் கேட்கும். சுத்தம் நல்லதுதானே என்று டிக் செய்தேன். பன்னிரண்டு மெஷினிலும் வரிசையாகச் செய்தேன். துடைத்ததில் நாற்பத்தொரு கேமின் புரோஃபைல்களும் சேர்ந்து போய்விட்டன.

முதலாளி இம்தியாஸ் பாய்க்கு முக்கியத் தொழில் கீழே இருக்கும் கெமிக்கல்தான். மேல்மாடி சும்மா கிடக்கிறதே என்று மெஷின் போட்டவர். பயந்துகொண்டே போய்ச் சொன்னேன். அவருக்குக் கார்டு தெரியாது, தோல் தெரியும். "டிரம்மைக் கழுவினா உள்ள இருக்கிற சாயம் போவும். இது டிரம் மேல தப்பா? ஒரு நோட்டு வாங்கி எழுதி வை," என்றார். நீள நோட்டு ஒன்று வாங்கி, ஒவ்வொரு கேமுக்கும் ஒரு பக்கம் ஒதுக்கி, நினைவிலிருந்து எல்லாவற்றையும் மறுபடி போட்டேன். மூன்று நாள் ஆயிற்று. நான்காம் நாள், தினமும் வருகிற ஒருவரின் தோளைத் தொட்டு, "இப்ப எப்படி இருக்கு, நல்லா ஓடுதா?" என்று கேட்டேன். அவர் ஒரு காதை மட்டும் விடுவித்துக்கொண்டு சொன்னார்: "ஏன், எதாச்சும் மாத்தினீங்களா இன்னா?"

மே மாதம்

எங்கள் பக்கத்து வெயிலைப் பற்றி நான் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. மேல்மாடி, சிமென்ட் கூரை, பன்னிரண்டு கார்டும் கக்குகிற சூடு. ஏ.சி. இருந்தது, தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்ததால் அது ஓடுகிறது என்று நம்பினோம். கார்டு நொடிக்கு எத்தனை படம் வரையலாம் என்பதற்குப் புரோஃபைலில் ஒரு வரம்பு வைக்கலாம். படம் குறைந்தால் சூடும் குறையும். கிரிக்கெட் கேமுக்கு இவ்வளவு எதற்கு என்று அதற்கு மட்டும் அறுபதில் நிறுத்தினேன். அறை கொஞ்சம் ஆறியது மாதிரிதான் இருந்தது.

ஷூ கம்பெனியில் கட்டிங் மாஸ்டராக இருக்கும் ஒருவர் ஞாயிற்றுக்கிழமை வந்தார். இரண்டு ஓவர் ஆடியதும் கையைத் தூக்கினார். "மட்டை லேட்டா வருது." மறைக்காமல் சொன்னேன்: சூடு தாங்கவில்லை, அதனால் வரம்பு வைத்திருக்கிறேன். அவர் சட்டையின் மேல் பட்டனைக் கழற்றிக்கொண்டு சொன்னார்: "சூடு எனக்குப் பழக்கம் தம்பி, அவுட்டாவறதுதான் பழக்கம் இல்ல. எடுத்துடு."

அம்மாவுக்குச் சொன்ன விளக்கம்

அம்மாவும் ஷூ கம்பெனிதான். ஷூவின் மேல்பாகமான அப்பர் தைக்கிற செக்ஷன். ஒரு நாள் வீட்டில் கேட்டாள்: "காலைல போயி சாயங்காலம் வர்ற. அங்க இன்னாதான் பண்ற?" படிக்க வைத்தவர்களுக்குப் புரிகிற மாதிரி என் வேலையைச் சொல்ல முடியாமல் போவது எனக்கு எப்போதும் கடன்பட்ட மாதிரி இருக்கும். யோசித்துச் சொன்னேன். "உங்க கம்பெனில ஒரு மாடல் மாறினா மெஷின்ல தையல் அளவை மாத்துவாங்க இல்ல? நூல் டென்ஷன் மாத்துவாங்க இல்ல? அது மாதிரி ஒவ்வொரு கேமுக்கும் நான் அளவு மாத்தி வெக்கிறேன்."

சட்டென்று புரிந்துவிட்டது அவளுக்கு. சந்தோஷமாக இருந்தது. "அப்ப நீயும் செட்டிங் ஆளு. எங்க லைன்லயும் ஒருத்தர் இருக்காரு, அவரு இல்லன்னா லைனே நின்னுடும்," என்றாள். அப்புறம் அவளுடைய செக்ஷனில் மத்தியானம் எல்லோரும் வட்டமாக உட்கார்ந்து குழம்பு மாற்றிக்கொள்வதைச் சொன்னாள். பக்கத்து மெஷின்காரியின் மகள் கல்யாணம், இன்னொருத்தியின் புது மூக்குத்தி. எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிட்டு, தட்டை எடுத்துக்கொண்டு எழுந்தபோது கேட்டாள்: "அது சரி, நீ சாப்பிடும்போது யாருகூடப் பேசுவ?"

டானா, காக்னாக்கா

எங்கள் ஊர்ப்பக்கம் தோல் பதனிடும் பல டேனரிகளுக்கு வெள்ளிக்கிழமைதான் விடுமுறை. மத்தியானத் தொழுகை முடிந்து, சாப்பிட்டுவிட்டு, மூன்று மணி வாக்கில் ஷாநவாஸ் பாய் வருவார். நாற்பதைத் தாண்டியவர். எப்போதும் ஐந்தாம் நம்பர் மெஷின். எப்போதும் அந்த லாரி கேம். மலைப்பாதையில் பெரிய லாரியை யாரையும் இடிக்காமல் இரண்டு மணி நேரம் ஓட்டிவிட்டு, சலாம் சொல்லிவிட்டுப் போய்விடுவார். ஏழு மாதம் அப்படித்தான் வந்துகொண்டிருந்தார். எங்களுக்குள் பேச்சு இல்லை. புரோஃபைல் சரியாக இருந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை கை தூக்கினார். ஓடிப்போனேன். திரையில் லாரியின் உள்பக்கம் இருந்தது. டிரைவர் சீட்டைக் காட்டினார். "போன வாரம் இது டான். இன்னிக்கு காக்னாக். எவன் மாத்தினான்?" எனக்கு இரண்டும் பழுப்பு. டான் என்றால் வெளிர் பழுப்பு, அதில் கொஞ்சம் சிவப்பு ஏறினால் காக்னாக் என்று அவரே சொன்னார். புரோஃபைலைத் திறந்தேன். கேமுக்குக் கேம் நிறத்தைக் கூட்டிக் குறைக்க ஒரு ஸ்லைடர் உண்டு. நூறு என்பது இயல்பு. யாரோ ஒரு வாடிக்கையாளர் கை வைத்து நூற்றைந்தில் விட்டிருக்கிறார். ஐந்து புள்ளி. அதை ஒரு மனிதக் கண் பிடிக்கும் என்று எனக்கு யாரும் சொன்னதில்லை.

அவர் டேனரியில் ஃபினிஷிங் செக்ஷனில் ஷேடு பார்க்கிறவர். வெளிநாட்டுக்காரன் ஒரு துண்டுத் தோலை அனுப்புவான். அந்த நிறம் வந்துவிட்டதா இல்லையா என்று பார்த்து இவர் கையெழுத்துப் போட்டால்தான் சரக்கு நகரும். "டியூப் லைட்டுல ஒண்ணாத் தெரியும், வெளிய வந்தா அண்ணன் தம்பி மாதிரி ஆய்டும். எல்லாரும் ஏமாந்துடுவான். நான் ஏமாற மாட்டேன்," என்றார். பீற்றிக்கொண்டார்தான். ஆனால் கால் மணி நேரம் நின்றுகொண்டே கேட்டேன். அவருடைய செக்ஷனில் நடக்கும் சண்டைகள், வாணியம்பாடியில் இருக்கும் அவருடைய மச்சான் வாங்கி ஏமாந்த பைக், எல்லாம் வந்தது. திடீரென்று நிறுத்திவிட்டு என்னைப் பார்த்துக் கேட்டார்: "அரே, ஏழு மாசமா வர்றேன், உன் பேரு இன்னான்னே கேக்கல பாரு."

நூற்றெட்டு

அடுத்த வெள்ளிக்கிழமை அவர் வருவதற்கு முன் ஐந்தாம் நம்பரை இரண்டு தடவை சரிபார்த்தேன். நூறு. வந்தார், "நவீனு" என்று தலையசைத்தார், இரண்டு மணி நேரம் ஓட்டினார், போனார். சரியாக வேலை செய்திருக்கிறேன் என்ற திருப்தியோடு ஆலங்காயம் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தேன். வாணியம்பாடி வருவதற்குள் திருப்தி போய்விட்டது. அந்த வாரம் முழுவதும் நான் பேசிய வார்த்தைகளைப் பஸ்ஸிலேயே எண்ணிப் பார்த்தேன். "அஞ்சு நிமிஷம்தான் இருக்கு," "ஹெட்செட்டை இழுக்காதீங்க," "ரீஸ்டார்ட் பண்ணிடுங்க." என்னோடு படித்தவர்கள் சென்னையிலும் பெங்களூரிலும் இருந்தார்கள். வாட்ஸ்அப் குழுவில் நான் கடைசியாகக் கேட்ட கேள்விக்குக் கீழே வேறு யாருக்கோ பிறந்தநாள் வாழ்த்து வந்திருந்தது.

அதற்கடுத்த வெள்ளிக்கிழமை, இரண்டே முக்காலுக்கு, ஐந்தாம் நம்பரின் லாரி கேம் புரோஃபைலில் ஸ்லைடரை நூற்றெட்டில் வைத்தேன். இதை எழுத எனக்குக் கூசுகிறது. ஆனால் விட்டுவிட்டால் மீதி எல்லாம் பொய்யாகிவிடும். மூன்றே காலுக்கு ஷாநவாஸ் பாய் கை தூக்கினார். போனேன். சரிசெய்தேன். இருபது நிமிடம் பேசினோம். அடுத்த வாரம் தொண்ணூற்று மூன்று. அதற்கடுத்த வாரம் நூற்றாறு. ஒவ்வொரு தடவையும் "சாஃப்ட்வேர்ல ஏதோ பாய்" என்று சொல்வேன். ஒவ்வொரு தடவையும் அவர் நிறத்தைக் கண்டுபிடித்துவிடுவார், ஜெயித்த சந்தோஷத்தில் இன்னும் கொஞ்சம் ஜாஸ்தி பேசுவார். மூன்றாவது தடவை சிரித்துக்கொண்டே சொன்னார்: "எங்க ஜி.எம்.மும் உன் மெஷினும் ஒண்ணு தம்பி, வாராவாரம் மூடு மாறுது."

நான் ஒன்றும் மாற்றவில்லை

நான்காவது தடவை அவர் கை தூக்கியபோது முதலாளி மேலே வந்திருந்தார். ஏ.சி.க்காரரைக் கூட்டிவந்திருந்தார். ஷாநவாஸ் பாய் உரக்கவே சொன்னார்: "வாராவாரம் கலர் மாறுதே, இன்னா மெஷின் இது?" முதலாளி திரும்பிப் பார்த்தார். "வாராவாரமா?" என்றார். நாற்பத்தொரு புரோஃபைலை அழித்தவன் என்ற பெயர் எனக்கு ஏற்கெனவே இருந்தது. வேலை போனால் வீட்டில் என்ன சொல்வேன் என்பதுதான் முதலில் வந்தது.

"இல்ல பாய், நான் ஒண்ணும் மாத்தல. நம்பர்ல அப்படியேதான் இருக்கு," என்றேன். செட்டிங் ஜன்னலைத் திறந்து காட்டவில்லை. இருவரும் கேட்கவில்லை, படித்தவன் நம்பர் என்று சொன்னால் அதற்கு மேல் யார் கேட்பார்கள்? முதலாளி ஏ.சி. பக்கம் போய்விட்டார். ஷாநவாஸ் பாய் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு கண்ணை மூடிப் பார்த்தார். அதைத் திறந்து மற்றதை மூடிப் பார்த்தார். பிறகு மெதுவாக, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னார்: "அப்ப எனக்குத்தான் கண்ணு போச்சு."

ஜன்னல் ஓரம்

அன்று அவர் போனதும் ஸ்லைடரை நூற்றுக்குக் கொண்டுவந்தேன். அதற்குப் பிறகு தொடவில்லை. அடுத்த இரண்டு வெள்ளிக்கிழமையும் அவர் வந்தார், கை தூக்கவே இல்லை. லாரியை ஓரம் கட்டிவிட்டு முகத்தைத் திரைக்கருகே கொண்டுபோய்ப் பார்ப்பார். கண்ணைக் கசக்குவார். மூன்றாவது வெள்ளிக்கிழமை பாதியில் எழுந்து ஜன்னல் பக்கம் போனார். சட்டைப் பையிலிருந்து ஒரு தோல் துண்டை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். போய்ப் பக்கத்தில் நின்றேன்.

"நாளைக்கு லீவு போட்டிருக்கேன். வேலூருக்குப் போய்க் கண்ணு காட்டிட்டு வரணும்," என்றார். அவர் பார்த்து அனுப்பிய ஒரு லாட் தோல், ஷேடு சரியில்லை என்று திரும்பி வந்திருக்கிறது. அது எப்போதாவது நடப்பதுதான். ஆனால் இந்தத் தடவை அவரே மேனேஜரிடம் போய், நிறம் சரி என்று தான் கையெழுத்துப் போடும் ஷேடு கார்டில் இன்னொருத்தரும் பார்த்துக் கையெழுத்துப் போடட்டும் என்று சொல்லிவிட்டார். "பத்தொன்பது வருஷம் நவீனு. அந்தக் கார்டுல என் ஒரு கையெழுத்துதான் இருக்கும்." துண்டைப் பைக்குள் வைத்தார். டாக்டரே கண் நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிடுவார், நான் எதையும் சொல்ல வேண்டியதில்லை என்று ஒரு கணம் நினைத்தேன். ஆனால் டாக்டர் சொன்ன பிறகும் அந்தப் பழுப்பு மாறியதற்குக் காரணம் அவருக்குத் தெரியாது. தெரியாதவரை அவர் எந்தத் தோலையும் ஒரு தடவை பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடமாட்டார். சொல்லிவிட்டேன். நின்ற இடத்திலேயே, எல்லாவற்றையும்.

"காட்டு," என்றார். நோட்டை எடுத்துவந்தேன். என் புத்தி அப்படி. தப்பைக்கூடத் தேதி போட்டு எழுதியிருந்தேன். நூற்றெட்டு, தொண்ணூற்று மூன்று, நூற்றாறு, தொண்ணூற்றைந்து. ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்தார். பிறகு ஐந்தாம் நம்பருக்குப் போய் முதுகைத் திருப்பிக்கொண்டு நின்றார். "மாத்து. மாத்திட்டுச் சொல்லு." மாற்றினேன். திரும்பிப் பார்த்தார். "ஜாஸ்தி." மறுபடி. "கம்மி." மறுபடி. "இன்னும் கம்மி." ஆறு தடவை, ஆறும் சரி. ஏழாவது தடவை அவசரத்தில் ஸ்லைடரைத் தொடாமலே "பாருங்க பாய்" என்றுவிட்டேன். பார்த்தார். "மாத்தலியே. இன்னும் ஏமாத்துறியா?" அப்போதுதான் அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். கண்ணை இரண்டு உள்ளங்கையாலும் பொத்திக்கொண்டார்.

"மூணு வாரமா வீட்ல கேக்குறா, இன்னா பேஜாரு, ஏன் தூங்கலன்னு. நான் சொல்லல. ஏன்டா பண்ண?" அக்கம்பக்கத்தில் எல்லோரும் ஹெட்செட்டோடு சுட்டுக்கொண்டிருந்தார்கள். "சரியா இருந்தா நீங்க கூப்பிட மாட்டீங்க பாய்," என்றேன். சொல்லும்போதே எனக்கு அசிங்கமாக இருந்தது. அவர் எழுந்து செருப்பை மாட்டினார். படிக்கட்டில் இரண்டு படி இறங்கிவிட்டுத் திரும்பினார். "பேசணும்னா வாயைத் தொறந்து பேசு. கலரை எதுக்குக் கெடுக்கிற?"

முதலாளியிடம்

வேறு யாராவது சொல்லி அவருக்குத் தெரிவதற்குள் நானே கீழே இறங்கிப்போய் இம்தியாஸ் பாயிடமும் சொன்னேன். வேலை போய்விடும் என்று நினைத்து, மேல்மாடிச் சாவியைக் கையில் எடுத்துக்கொண்டே போயிருந்தேன். அவர் கெமிக்கல் கேன்களின் மேல் லேபிள் ஒட்டிக்கொண்டிருந்தார். முழுவதையும் கேட்டார். என்னையும் சாவியையும் மாறி மாறிப் பார்த்தார். ஷாநவாஸுக்கு ஏதாவது ஆகியிருந்தால் கெமிக்கல் வாங்குகிற ஒருத்தன் முகத்திலும் தான் முழிக்க முடியாது என்று திட்டினார். அந்தத் திட்டு நியாயமானது. மூச்சு வாங்கிக்கொண்டு, லேபிளை அழுத்தி ஒட்டினார். "கஸ்டமரை இழுக்க ஐடியா சொல்லுன்னு ஆறு மாசமாக் கேக்குறேன், வாய் தொறக்கல. இதுக்கு மட்டும் மூளை நல்லா ஓடுது."

கூப்பிடாமல் போனது

அடுத்த வெள்ளிக்கிழமை ஷாநவாஸ் பாய் வரவில்லை. ஐந்தாம் நம்பரை மூன்று மணிக்கு ஒருவர் கேட்டார். ஏதோ ரிப்பேர் என்று பொய் சொல்ல வாய் வரை வந்தது. சொல்லவில்லை, கொடுத்துவிட்டேன். அதற்கடுத்த வெள்ளிக்கிழமை அவர் வந்தார். சலாம் சொன்னார், பொதுவாக, அறைக்கே சொல்கிற மாதிரி. ஐந்தாம் நம்பர் காலியாக இருந்தும் ஒன்பதாம் நம்பரில் போய் உட்கார்ந்தார். லாரியைக் கிளப்பினார். ஒன்பதிலும் நூறுதான் இருந்தது. காலையிலேயே எல்லா மெஷினிலும் பார்த்திருந்தேன். அதனால் அவர் கை தூக்க எந்தக் காரணமும் இல்லை.

முக்கால் மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். இந்த வேலையில் சேர்ந்த நாளிலிருந்து, வேலை இல்லாமல் ஒருவர் பக்கத்தில் நான் போய் நின்றது இல்லை. கவுண்டரிலிருந்து ஒன்பதாம் நம்பர் பத்தடி இருக்கும். பாதியில் திரும்பிவிடலாம் என்று தோன்றியது. போய் நின்றேன். அவர் லாரியை மலைப்பாதையில் ஓரம் கட்டி, ஹெட்செட்டைக் கழற்றினார்.

"இன்னா, இன்னிக்கு எது கெட்டுச்சு?"

"ஒண்ணும் கெடல பாய். சும்மாதான் வந்தேன். கண்ணு காட்டினீங்களா?"

"காட்டினேன். கண்ணாடிகூட வேணாம்னுட்டாங்க."

"கம்பெனில?"

"ரெண்டு கையெழுத்துதான். நானே கேட்டு வாங்கினது, இனி வேணாம்னு எப்படிச் சொல்றது?" அதைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை. நான் வந்து மேனேஜரிடம் சொல்லட்டுமா என்று கேட்டேன். "இன்னான்னு சொல்லுவ? லாரி கேமுல சீட்டு கலரு மாத்தினேன்னா? என் மானமும் சேந்து போவும்," என்றார். லேசாகச் சிரித்த மாதிரி இருந்தது, உறுதியாகத் தெரியவில்லை. மறுபடி ஹெட்செட்டை எடுத்தார். நான் நகரவில்லை. அதை மாட்டாமல் கழுத்தில் போட்டுக்கொண்டு, பத்தாம் நம்பரின் காலி நாற்காலியைக் காலால் என் பக்கம் தள்ளினார்.

"உக்காரு. மவுஸ் மேல மட்டும் கை வெக்காத."

நாற்பத்தொரு கேமுக்கும் என்னென்ன வேண்டும் என்று என் நோட்டில் பக்கம் பக்கமாக இருக்கிறது. அந்த நாற்காலியில் உட்கார்ந்த பிறகு முதல் வார்த்தை என்ன என்பதற்கு மட்டும் எந்தக் கார்டுக்காரரும் ஒரு ஸ்லைடர் வைத்துத் தரவில்லை.